இன்டெரிம் ஆர்டர் கையில இருக்கா? கன்டெம்ப்ட் போடுறதுக்கு முன்னாடி இத பாருங்க

டிஎன்பிஎஸ்சி, டிஆர்பி, போலீஸ் செலக்‌ஷன்னு எதுக்கு கேஸ் போட்டிருந்தாலும் ஹைகோர்ட்ல இடைக்கால உத்தரவு வந்த அன்னிக்கே பாதி ஜெயிச்ச மாதிரி இருக்கும், வருஷக்கணக்கா படிச்சவங்களுக்கு அது இருக்கத்தான் செய்யும். ஆனா டிபார்ட்மென்ட் மதிக்கலன்னு கன்டெம்ப்ட், அதாவது கோர்ட் அவமதிப்பு வழக்கு போட்டு அது நிக்காம போகுதுன்னா, நிறைய நேரம் காரணம் ஆர்டர வரி வரியா படிக்காததுதான்.

ஒரு ஆர்டர்ல "மனுதாரருக்காக ஒரு பணியிடத்தைக் காலியாக வைக்க வேண்டும்"னு இருக்கும், இன்னொண்ணுல "செய்யப்படும் நியமனம் இந்த ரிட் மனுவின் இறுதி முடிவுக்குக் கட்டுப்பட்டது"னு இருக்கும். ரெண்டும் ஒண்ணு இல்லைங்க. முதல் ஆர்டர் இருக்கும்போது தெரிஞ்சே எல்லா இடத்தையும் நிரப்பினா அது அவமதிப்பு. ரெண்டாவது ஆர்டர்ல நிரப்பத் தடையே கிடையாது, நீங்க கேஸ் ஜெயிச்சா அந்த நியமனம் ஆட்டம் காணும், அவ்ளோதான். இத வச்சு "எங்க இடத்த குடுத்துட்டாங்க"னு கன்டெம்ப்ட் போட்டா தள்ளுபடிதான் ஆகும். ஆர்டர் குழப்பமா இருந்தா அதே கோர்ட்ல கிளாரிஃபிகேஷன் கேளுங்க, ஏன்னா ஆர்டர்ல இல்லாத ஒண்ண கன்டெம்ப்ட் விசாரணையில புதுசா சேர்த்துக் குடுக்க முடியாது.

இதே மாதிரிதான் "மனுவைப் பரிசீலிக்கவும்"னு வர்ற ஆர்டர். அதிகாரி பரிசீலிச்சு ரிஜெக்ட் பண்ணிட்டா அது தப்பான முடிவா இருக்கலாம், அதுக்காக அவமதிப்பு ஆகிடாது, அந்த ரிஜெக்‌ஷன் ஆர்டர எதிர்த்து புது ரிட் போடணும். தற்காலிகமா எக்ஸாம் எழுத, இன்டர்வியூ போக அனுமதி வாங்கினவங்களும் கவனிங்க, அதுனால வேலைக்கு உரிமை வந்துடாது, மெயின் கேஸ் தோத்தா இடைக்கால உத்தரவும் கூடவே போயிடும்.

அடுத்து, 1971 நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் பிரிவு 2(பி) சொல்றது வேணும்னே மீறுறத. அதிகாரிக்கு ஆர்டர் தெரியும்னு நீங்க காட்டணும். வக்கீல் ஆபீஸ்லேயே காப்பி கிடந்தா எப்படி காட்டுவீங்க? சர்டிஃபைட் காப்பி வாங்கி கவரிங் லெட்டரோட ரெஜிஸ்டர்டு போஸ்ட்ல அனுப்புங்க, நேர்லயும் குடுத்து தேதியோட சீல் வாங்குங்க.

அதிகாரிங்க பக்கத்துல அடிக்கடி நடக்குற தப்பு "அப்பீல் போட்டாச்சு"னு ஆர்டர கிடப்புல போடுறது. அப்பீல் போட்டதாலயே தடை வந்துடாது, தடை உத்தரவு வாங்கினாத்தான் தடை, அதுவரைக்கும் ஆர்டர் உயிரோடதான் இருக்கு. ஆறு மாசம் ஆச்சு, ஸ்டே தானா காலாவதி ஆயிடுச்சுன்னு இன்னும் சிலர் சொல்றாங்க. 2018 சுப்ரீம் கோர்ட் தீர்ப்புல வந்த அந்த விஷயத்த 2024 பிப்ரவரியில அஞ்சு நீதிபதிகள் பெஞ்ச் மாத்திடுச்சு, இப்ப ஸ்டே தானா காலாவதி ஆகாது. இது தெரியாம அப்பாயின்ட்மென்ட் ஆர்டர் குடுத்தா, கேஸ் போட்டவரோட சேர்ந்து அந்த ஆர்டர நம்பி பழைய வேலைய விட்டுட்டு வந்த பையனும் பொண்ணும்தான் மாட்டிக்கிறாங்க, எனக்கு ரொம்ப வருத்தமா இருக்குறது இதுதான்.

தண்டனைன்னு பார்த்தா பிரிவு 12-படி ஆறு மாசம் வரை சாதாரண சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம், இல்ல ரெண்டும். உண்மையான மன்னிப்புன்னு கோர்ட்டுக்குத் தோணினா விட்டுடலாம். அதனால கன்டெம்ப்ட்ட பழிவாங்குற வழியா பார்க்காதீங்க, ஆர்டர் நிறைவேறணும், அதுதான் உங்களுக்கு வேணும்.

கடைசியா டைம். பிரிவு 20-படி மீறல் நடந்த நாள்ல இருந்து ஒரு வருஷம்தான். ரிமைண்டர் மேல ரிமைண்டர் அனுப்பிட்டே இருந்தா அந்தக் கெடு நீளாது. நடுவுல அதிகாரி டிரான்ஸ்ஃபர் ஆயிட்டா புதுசா வந்தவருக்கும் அவர் பேர் போட்டு ஒரு காப்பி உடனே அனுப்பிடுங்க, இல்லன்னா "என் கவனத்துக்கே வரல"னு அவர் சொல்ற பதில் செல்லுபடி ஆயிடும்.