அரூபக் குறும்படத்தில் நேரும் தவறுகள்

மழைக்காலம் நெருங்கினால் தாராவியின் தகரக் கூரைகள் மேல் நீலத் தார்ப்பாய் ஏறிவிடும். அங்கே வசிக்கும் என் நண்பர் ஒருவர், அப்படி ஒரு தார்ப்பாயின் அடியில் கேமராவை மல்லாக்க வைத்து, மேலே தேங்கிய நீர் அசைய அசைய வெளிச்சம் சுருங்கி விரிவதை நான்கு நிமிடம் படமாக்கினார். ஒரு நிமிடத்துக்குள் அது தார்ப்பாய் என்பதே மறந்துபோய், நீலம் மட்டும் மூச்சு விடுவது போலிருந்தது. அடையாளம் காணும் உருவம் இல்லாமல் நிறம், ஒளி, அசைவு ஆகியவற்றால் மட்டுமே பேசும் இத்தகைய படத்தைத்தான் அரூபம் என்கிறோம். அதன்மேல் அவர் ஊரை விட்டு வந்தவனின் துயரத்தைச் சொல்லும் ஒரு குரலைச் சேர்த்தார். அந்தக் கணமே நீலம் அந்த வாக்கியத்துக்கு வரைந்த விளக்கப்படமாகச் சுருங்கிவிட்டது. நான் பார்த்தவரை, புதியவர்கள் மிகுதியாகச் செய்யும் தவறு இதுதான்: பார்வையாளருக்குப் புரியாதோ என்ற பயத்தில் படிமத்துக்கு உரை எழுதுவது.

இதற்கு நேரெதிரான தவறு, ஃபோகஸை விலக்கி எடுத்ததையெல்லாம் அரூபம் என்று அழைப்பது. அரூபத்தில் உருவம்தான் விலகுகிறது, ஒழுங்கு விலகுவதில்லை. ஓவியர் அக்பர் பதம்சீ இதே மும்பையில் 1970-இல் முடித்த 'சிஸிஜி' என்ற குறும்படம் கோடுகளாலும் புள்ளிகளாலும் ஆனது. அவற்றின் நகர்வுக்குப் பின்னால் அவரே வகுத்துக்கொண்ட ஒரு கணக்கு இருந்தது. ஏறத்தாழ 11 நிமிடம் ஓடும் அந்தப் படத்தில் ஒலியே கிடையாது. இன்றோ பலர் முதலில் இசையைத் தேர்ந்தெடுத்துவிட்டு அதன் தாளத்துக்குக் காட்சிகளை வெட்டுகிறார்கள். இசையை நிறுத்தினால் படமும் நின்றுபோகிறது. ஆகவே முதல் படத்தொகுப்பை ஊமையாகச் செய்து பார்ப்பது நல்லது.

தொழில்நுட்பத் தவறுகளில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் பழைய குழல்விளக்குகளும் மலிவான எல்.இ.டி. விளக்குகளும் விநாடிக்கு 100 முறை துடிக்கின்றன. கேமராவின் ஷட்டர் வேகம் 1/60 விநாடியில் இருந்தால் திரையில் கரும்பட்டைகள் உருளும், 1/50 அல்லது 1/100-இல் வைத்தால் பெரும்பாலும் மறையும். பட்டைகளே வேண்டுமென்றால் தாராளமாக வைத்துக்கொள்ளலாம், ஆனால் அது உங்கள் முடிவாக இருக்க வேண்டும்.

வேகமாக மின்னும் காட்சிகளைப் பொறுத்தவரை அழகியலுக்கு முன் உடல்நலம் வருகிறது. விநாடிக்கு மூன்று முறைக்கு மேல் பளிச்சிடும் வெளிச்சம், ஒளியால் தூண்டப்படும் வலிப்பு உள்ளவர்களைப் பாதிக்கக்கூடும். படம் தொடங்கும் முன்பே, படித்து முடிக்கும் அளவுக்கு நின்று போகும் ஓர் எச்சரிக்கையைத் திரையில் வையுங்கள்.