லோரி லைசன்ஸுக்குக் காசு கட்டுவதற்கு முன்: நம் பிள்ளைகள் வழக்கமாகச் செய்யும் தவறுகள்

மலேசியாவின் பினாங்கு மாநிலத்தில் பாகான் டாலாம், பிறை, புக்கிட் மெர்தாஜாம் பக்கம் வளர்ந்தவர்களுக்கு லோரி ஓட்டும் மாமாவோ சித்தப்பாவோ பக்கத்து வீட்டு அண்ணனோ கட்டாயம் ஒருவர் இருப்பார். பட்டர்வொர்த் துறைமுகமும் பிறை தொழிற்பேட்டையும் இருக்கும்வரை இந்த வேலைக்கு ஆள் தேவைப்பட்டுக்கொண்டேதான் இருக்கும். அதனால் பள்ளி முடித்த பையன், ஃபேக்டரி ஷிப்ட் பிடிக்காத பையன், கெலிண்டானாக, அதாவது லோரி உதவியாளாக, ரெண்டு வருஷம் மூட்டை இறக்கிச் சலித்தவன் என்று எல்லாருக்கும் ஒரு கட்டத்தில் "லோரி லைசன்ஸ் எடுத்துடலாமா" என்ற யோசனை வருகிறது. நல்ல யோசனைதான். இதில் பாதிப் பேர் டிரைவிங் ஸ்கூலில் முதலில் பணத்தைக் கட்டிவிட்டு, அப்புறம்தான் தனக்கு எந்த லைசன்ஸ் வேண்டும், அதற்குத் தகுதி இருக்கிறதா என்று விசாரிக்கிறார்கள். கீழே சொல்லப்போகும் தவறுகள் பெரும்பாலும் இந்தத் தலைகீழ் வரிசையில் இருந்து வருபவைதான்.

முதலில் வயதும் பழைய லைசன்ஸும். கனரக வண்டிக்கு 21 வயது ஆகியிருக்க வேண்டும், அதில் பேச்சுக்கே இடமில்லை. கார் லைசன்ஸ், அதாவது 'டி', முழு லைசன்ஸாக இருக்க வேண்டும். புது ஓட்டுநர் என்று பி ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டிருக்கும் அந்த இரண்டு வருஷம் முடியாமல் லோரிக் கனவோடு கவுண்டருக்குப் போய் நின்றால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். இன்னொரு கூட்டம் இருக்கிறது: கார் லைசன்ஸை ஆட்டோ கியரில், 'டிஏ'வில் எடுத்தவர்கள். கார் ஓட்ட அது போதும், ஆனால் அதை வைத்துக்கொண்டு கியர் வண்டியைத் தொட முடியாது, நம்ம ஊர்க் கம்பெனிகளில் கியர் லோரிகள் இன்னும் ஏராளம். லோரிதான் பிழைப்பு என்று மனசில் இருந்தால் முதலிலேயே 'டி' எடுத்துவிடுவது நல்லது. லைசன்ஸ் காலாவதி ஆனதையே மறந்து திரிபவர்களும் உண்டு. மூன்று வருஷத்துக்கு மேல் புதுப்பிக்காமல் விட்டால் திரும்பவும் 'எல்', அதாவது பழகுநர் லைசன்ஸில் இருந்து தொடங்க வேண்டும், இது காருக்கே. லோரியைப் பற்றி அப்புறம்தான் பேச முடியும்.

கதவில் எழுதியிருப்பதைப் படியுங்கள்

அடுத்தது வகுப்புக் குழப்பம். இதில்தான் காசு அதிகம் வீணாகிறது.

'டி' லைசன்ஸில் 3,500 கிலோ வரை. 'இ2' என்றால் 5,000 கிலோ வரை. 'இ1' என்றால் 7,500 வரை. அதற்கு மேலே போனால் வெறும் 'இ', நம் ஆட்கள் 'இ ஃபுல்' என்று சொல்வது. இதை எல்லாரும் மனப்பாடமாகச் சொல்வார்கள். ஆனால் எந்த எடை என்று கேளுங்கள், பத்தில் பாதிப் பேர் முழிப்பார்கள். சரக்கு ஏற்றாத காலி லோரியின் எடை, அதுதான் கணக்கு. லோரியின் கதவுப் பக்கம் கம்பெனி பெயருக்குக் கீழே வெள்ளைப் பெயிண்டில் இரண்டு எண்கள் எழுதியிருக்கும், ஒன்று 'தன்பா முவாத்தான்', காலி எடை. இன்னொன்று 'டெங்ஙான் முவாத்தான்', சரக்கோடு சேர்த்த எடை. ஒரு லோரியில் காலி எடை 3,400 என்றும் சரக்கோடு 7,500 என்றும் எழுதியிருந்தால் அதற்கு உங்கள் கையில் இருக்கும் 'டி' வகுப்பே போதும். பெரிய எண்ணை மட்டும் பார்த்துவிட்டு 'இ1' வேண்டும் என்று கிளம்பிப் போகிறவர்களை நான் எத்தனையோ பேர் பார்த்திருக்கிறேன். "மூணு டன் லோரி", "அஞ்சு டன் லோரி" என்று தெருவில் சொல்வதை நம்பவே நம்பாதீர்கள், அது வியாபாரப் பேச்சு. வேலைக்குப் போகப்போகும் கம்பெனி எது என்று தெரிந்தால் ஆபிஸ் கிராணியிடம் கெரானை, அதாவது வண்டியின் பதிவுப் பத்திரத்தை, ஒருமுறை காட்டச் சொல்லுங்கள், வெட்கப்பட ஒன்றுமில்லை.

மறுபக்கத் தவறும் உண்டு. கண்டெய்னர் இழுக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறவன் "முதல்ல சின்னதா எடுப்போம்" என்று 'இ2' எடுத்துவிட்டு, பிறகு இன்னொரு தடவை காசு கட்டி மேலே போகிறான். டிரெய்லரை இழுக்கும் முன்வண்டியான பிரைம் மூவருக்கு 'இ' வேண்டும். சிறிய லோரியில் கை பழகிக்கொள்ளலாம், அது சரிதான், ஆனால் அதற்காக நடுவில் ஒரு லைசன்ஸ் வாங்கித்தான் ஆக வேண்டும் என்று யார் சொன்னது?

'இ' கிடைத்துவிட்டால் வேலை முடிந்தது என்று நினைப்பது

முடியவில்லை. 'இ' என்பது அந்த அளவு வண்டியை ஓட்டத் தெரியும் என்பதற்கு. சரக்கு வண்டி ஓட்டிச் சம்பாதிக்க ஜிடிஎல், அதாவது சரக்கு வண்டி ஓட்டுநர் லைசன்ஸ் வேண்டும், அது தனி. 1987ஆம் ஆண்டு சாலைப் போக்குவரத்துச் சட்டத்தின் 57ஆம் பிரிவு இதைத்தான் சொல்கிறது. சாலைத் தடுப்பில் ஜேபிஜே (சாலைப் போக்குவரத்துத் துறை) அதிகாரி கேட்பதும் இரண்டையும்தான். 'டி' வகுப்பில் ஓட்டும் சின்ன லோரிக்காரர்களும் இதில் மாட்டுகிறார்கள். "கார் லைசன்ஸே போதும்னு சொன்னாங்களே" என்பார்கள், வண்டியின் வகுப்புக்கு அது போதும்தான், சரக்கு ஓட்டும் வேலைக்குப் போதாது.

ஜிடிஎல்லுக்கு வகுப்பு உண்டு, மருத்துவப் பரிசோதனை உண்டு. இந்த மருத்துவப் பரிசோதனையை நம் ஆட்கள் கடைசி நாளுக்குத் தள்ளிப்போடுகிறார்கள், அதுதான் பெரிய பிசகு. படிவத்தை எடுத்துக்கொண்டு டாக்டரிடம் போனால் கண் பார்வை, காது, இரத்த அழுத்தம், வலிப்பு இருந்ததா, இனிப்பு நீர் இருக்கிறதா என்று எல்லாம் பார்ப்பார். புள்ளிப் புள்ளியாக இருக்கும் ஒரு படத்தைக் காட்டி உள்ளே என்ன எண் தெரிகிறது என்று கேட்பார், நிறம் பிரித்துப் பார்க்க முடிகிறதா என்பதற்கு. முப்பது வயது வரைக்கும் தனக்கு நிறக் குருடு இருப்பதே தெரியாமல் இருந்து, ஸ்கூலில் முழுப் பணமும் கட்டி முடித்தபின் டாக்டரின் மேஜையில் தெரிந்துகொண்டால் என்ன செய்வது? இரத்த அழுத்தம் ஏறியிருந்தால் மருந்து சாப்பிட்டுக் கட்டுப்படுத்திவிட்டு வா என்று சொல்வார், அதற்குச் சில வாரம் போகும். கிளினிக்குக்கு முதலில் போங்கள், ஸ்கூலுக்கு அப்புறம் போகலாம். நம் வீடுகளில் இனிப்பு நீர் எவ்வளவு சாதாரணம் என்று சொல்லத் தேவையில்லை, நாசி கண்டாரும் தே தாரேக்குமாக இருக்கும் இந்தத் தொழிலுக்குள் போவதற்கு முன்பே ஒருமுறை பார்த்துக்கொள்வது உங்களுக்கே நல்லது.

சம்மன் பாக்கியும் அப்படித்தான். பழைய மோட்டார் சம்மன், மாமாவுக்குக் கொடுத்த காரில் விழுந்த சம்மன் என்று எதுவாக இருந்தாலும் உங்கள் பெயர் கருப்புப் பட்டியலில் ஏறிவிட்டால் லைசன்ஸ் வேலை எதுவும் நகராது. கைபேசியிலேயே பார்த்துவிடலாம், போலீஸ் சம்மன் தனி, ஜேபிஜே சம்மன் தனி, இரண்டையும் பார்க்க வேண்டும்.

எல் கையில் வந்ததும்

சரி, எல்லாம் சரியாக இருந்து, எல் வந்துவிட்டது. இங்கேதான் உயிருக்கு ஆபத்தான தவறு நடக்கிறது. மோட்டார் சைக்கிளில் எல் ஒட்டிக்கொண்டு தனியாக ஊர் சுற்றிய பழக்கத்தில், லோரிக்கான 'எல்' லைசன்ஸையும் அப்படியே நினைத்துக்கொள்கிறார்கள். லோரி 'எல்' லைசன்ஸை வைத்துக்கொண்டு, அங்கீகாரம் பெற்ற பயிற்றுநர் பக்கத்தில் இருக்க, டிரைவிங் ஸ்கூல் வண்டியில் மட்டும்தான் ஓட்டலாம். இருபது வருஷம் அனுபவமுள்ள டிரைவர் அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாலும் அவர் பயிற்றுநர் இல்லை.

கெலிண்டானாக இருக்கும் தம்பிகளுக்குத்தான் இந்தச் சோதனை அதிகம். ராத்திரி ஓட்டம், டிரைவருக்குக் கண் சொக்குகிறது, "நீதான் எல் எடுத்துட்டியே, டோல் வரைக்கும் பிடி" என்பார். அன்பாகத்தான் சொல்வார். பிடிக்காதீர்கள். லைசன்ஸ் இல்லாதவன் ஓட்டினால் ஓட்டியவனுக்கு மட்டுமல்ல, ஓட்டக் கொடுத்தவனுக்கும் சட்டத்தில் குற்றம் உண்டு, வண்டி எங்காவது மோதினால் லோரிச் சேதத்துக்கு இன்சூரன்ஸ் கைவிரித்துவிடும், அப்புறம் தவுக்கே, அதாவது முதலாளி, உங்களைத்தான் பார்ப்பார். 2025 மே மாதம் தெலுக் இந்தானில் கல் ஏற்றிய லோரி மோதி கலகத் தடுப்புப் போலீஸார் 9 பேர் இறந்த பிறகு, கனரக வண்டிக் கம்பெனிகள் மேல் ஜேபிஜேயின் பார்வை முன்பு போல இல்லை. "இந்த ஒரு தடவைதானே" என்பதற்கெல்லாம் இப்போது இடமில்லை.

'எல்' லைசன்ஸின் தேதியையும் பாருங்கள். காசு மிச்சம் என்று குறைந்த மாதத்துக்கு எடுத்துவிடுகிறார்கள், வகுப்பு தள்ளிப்போகிறது, சோதனைத் தேதி தள்ளிப்போகிறது, சோதனைக்குப் போய் நிற்கும்போது எல் செத்திருக்கிறது. சோதனை நாளில் எல் உயிரோடு இருக்க வேண்டும்.

ஏஜெண்டுகள் விஷயத்தை இரண்டு வரியில் முடித்துவிடுகிறேன். "ஆள் வர வேண்டாம், ஐசி மட்டும் கொடு, மூணு வாரத்துல லைசன்ஸ் வீட்டுக்கு வரும்" என்று வாட்ஸ்அப்பில் சொல்கிறவனிடம் போகாதீர்கள். லெசென் தெர்பாங், அதாவது சோதனைக்கே போகாமல் வாங்கும் லைசன்ஸ் வழக்கில், ஊழல் தடுப்பு ஆணையமான எஸ்பிஆர்எம் பிடிக்கும்போது காசு கொடுத்தவனும் சேர்ந்தேதான் மாட்டுவான், அது போக முப்பது டன்னை இழுத்துக்கொண்டு இறக்கத்தில் இறங்கும்போது அந்தக் கார்டு எதற்கும் உதவாது.

ஓட்டும்போது செய்வது

கார் நன்றாக ஓட்டுகிறவன்தான் லோரியில் அதிகம் திணறுகிறான், கையும் காலும் கார்ப் பழக்கத்திலேயே இருப்பதால். வண்டியில் ஏறியதும் ஸ்டார்ட் செய்து உடனே கிளம்பப் பார்ப்பான். பெரிய லோரியில் பிரேக் காற்றில் வேலை செய்கிறது. டேங்கில் காற்று ஏறும் வரை ஸ்பிரிங் பிரேக் வண்டியைப் பிடித்துக்கொண்டேதான் இருக்கும், டேஷ்போர்டில் காற்று மீட்டரின் முள் மேலே ஏறி, கத்திக்கொண்டிருக்கும் பஸ்ஸர் நிற்கும் வரை பொறுமையாக இருக்க வேண்டும். பொறுக்காமல் ஆக்சிலேட்டரை அழுத்தி எஞ்சினை உறும விடுவதைப் பார்த்தாலே பயிற்றுநருக்கு முகம் மாறிவிடும்.

கிளம்புவதற்கு முன் வண்டியைச் சுற்றி வந்து பார்ப்பதையும் ஏதோ சடங்கு மாதிரிச் செய்கிறார்கள். டயரைக் காலால் ஒரு உதை, முடிந்தது. குனிந்து பாருங்கள்: வீல் நட்டைச் சுற்றித் துரு கோடாக வழிந்திருந்தால் அது தளர்ந்திருக்கலாம், இரட்டை டயருக்கு நடுவில் கல் சிக்கியிருக்கலாம், காற்றுக் குழாய் எங்காவது உஸ் என்று ஒழுகுவது எஞ்சினை அணைத்தால்தான் காதில் விழும். சோதனையில் அதிகாரி இதைக் கேட்பார், வாயால் ஒப்பிப்பவனுக்கும் கண்ணால் பார்ப்பவனுக்கும் வித்தியாசம் அவருக்குத் தெரியும்.

ரிவர்ஸ் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. டிரெய்லரைப் பின்னால் தள்ளும்போது அதன் வால் வலது பக்கம் போக வேண்டுமானால் ஸ்டீயரிங்கை முதலில் இடது பக்கம் திருப்ப வேண்டும், அப்புறம் முன்வண்டி அதன் பின்னால் வரும்படி மெல்ல நேராக்க வேண்டும். தலைக்குப் புரியும், கைக்குப் புரியாது. நிறையத் திருப்பிவிட்டுத் திருத்தப் பார்ப்பதுதான் எல்லாரும் செய்யும் தவறு. கொஞ்சமாகத் திருப்பி, ஊர்ந்து, கண்ணாடியில் டிரெய்லரின் பக்கவாட்டு எப்போது தெரியத் தொடங்குகிறது என்று பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். கோணலாகிவிட்டால் முன்னால் இழுத்து நேராக்கிவிட்டு மறுபடி தொடங்குங்கள். இடித்துக்கொள்வதைவிட அது எவ்வளவோ மேல்.

இறக்கம். பினாங்கில் இருந்து தெற்கே சரக்கு எடுத்துக்கொண்டு போனால் புக்கிட் பெராப்பிட்டும் மெனோரா சுரங்கமும் எப்படியும் வரும். காரில் போகும்போது அதெல்லாம் இறக்கம் என்றே தோன்றாது. சரக்கோடு இறங்கும்போது காலாலேயே பிரேக்கை மிதித்துக்கொண்டு போனால் டிரம் சூடேறி, புகை வந்து, கடைசியில் மிதித்தாலும் பிடிக்காது. இறக்கம் தொடங்குவதற்கு முன்பே கியரைக் குறைக்க வேண்டும், எஞ்சின் புகையை அடைத்து வேகத்தைக் குறைக்கும் எக்ஸாஸ்ட் பிரேக் வண்டியைப் பிடித்துக்கொள்ள வேண்டும், கால் பிரேக் இடையிடையே மட்டும். நடுவழியில் வேகம் ஏறியபின் கியர் குறைக்கப் பார்த்தால் கியர் உள்ளே போகாது, நியூட்ரலில் உருண்டுகொண்டிருப்பீர்கள். ஸ்கூல் மைதானத்தில் இதைக் காட்ட இடமில்லை, அதனால் பயிற்றுநரிடம் வாய்விட்டுக் கேளுங்கள், வேலைக்குச் சேர்ந்ததும் அனுபவமுள்ள டிரைவர் பக்கத்தில் உட்கார்ந்து அவர் எந்த இடத்தில் கியர் மாற்றுகிறார் என்று கவனியுங்கள்.

சோதனை நாளைப் பற்றிச் சின்ன விஷயம்: சிலிப்பர், அரைக்கால் சட்டை வேண்டாம், ஷூ போடுங்கள். முந்தின ராத்திரி ஓட்டத்துக்குப் போய்விட்டுத் தூங்காமல் வந்து நிற்காதீர்கள். தூக்கம் வராமல் இருக்க யாராவது மாத்திரை கொடுத்தால் அன்றைக்கு மட்டுமல்ல, என்றைக்குமே வாங்காதீர்கள், சிறுநீர்ச் சோதனையில் ஒருமுறை மாட்டினால் இந்தத் தொழிலே போய்விடும்.

ஜிடிஎல் கைக்கு வந்தபின் அதன் காலாவதித் தேதியையும் 'இ' லைசன்ஸின் தேதியையும் கைபேசி காலண்டரில் தனித்தனியாகப் போட்டு வையுங்கள், இரண்டும் ஒரே நாளில் முடியும் என்று யாரும் உங்களுக்கு உத்தரவாதம் தரவில்லை.