பக்கத்து ஊர் மொழியெல்லாம் உறவு மொழி ஆகாது: பங்கசினான் படிப்போர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிலிப்பீன்ஸ் மொழிகளைப் படிக்கப் புதிதாக வருகிறவர்கள் பங்கசினானில் கைவைத்ததும் அதே இடங்களில்தான் திரும்பத் திரும்பச் சறுக்குகிறார்கள். எழுத்துப்பிழையும் இலக்கணப் பெயர்களைக் குழப்பிக்கொள்வதும் பழகப் பழகச் சரியாகிவிடும், அவற்றை விட்டுவிடலாம். மாதக்கணக்கில் சேர்த்த சொற்பட்டியலையே குப்பைக்கு அனுப்பிவிடும் தவறுகளை மட்டும் இங்கே பார்ப்போம்.

லூசோன் தீவில், லிங்காயென் வளைகுடாவை ஒட்டிய பங்கசினான் மாகாணத்தின் நடுப்பகுதிதான் இம்மொழியின் தாயகம். தகூபன், சான் கார்லோஸ், கலாசியாவ், மலசிக்கி ஆகிய ஊர்களில் இதைக் கேட்கலாம். பேசுவோர் 10 லட்சத்துக்கும் மேல்.

"வட்டார வழக்கு" என்று எழுதுவது

தனி மொழி. பிலிப்பீன்ஸின் தேசிய மொழிக்கு அடிப்படையான தகலோக் மட்டும் தெரிந்தவருக்கு இது புரியாது.

"பங்கலாதோக்" என்று அழைப்பது

பழைய நூல்களில் இருக்கிறது என்பதற்காக எடுத்தாள வேண்டாம். அம்மக்களில் பலருக்கு அது வசைச்சொல்லாகவே படுகிறது. மொழிக்கும் பங்கசினான் என்றே பெயர்.

மாகாணத்தையும் மொழியையும் ஒன்றாக்குவது

பங்கசினான் மாகாணத்தில் பேசுவதெல்லாம் பங்கசினான் அல்ல. கிழக்கே தாயுக், உமிங்கான் பக்கம் போனால் இலோக்கானோதான் கேட்கும். வடக்கிலிருந்து இலோக்கானோக்காரர்கள் 19ஆம் நூற்றாண்டில் பெருமளவில் வந்து குடியேறிய பகுதி அது. மேற்கு முனையில் பொலினாவ், அந்தா ஊர்களில் பேசப்படுவது பொலினாவ் மொழி. அது சம்பால் மொழிகளோடு சேர்ந்தது, பங்கசினானின் கிளையன்று. மறுபுறம் லா யூனியன், தார்லாக், பெங்கெத் போன்ற அண்டை மாகாணங்களிலும் பங்கசினான் பேசுவோர் உண்டு. ஆகவே சொல் சேகரிக்கும்போது "இடம்: பங்கசினான்" என்று குறித்துக்கொண்டால் போதாது. ஊர்ப்பெயர், சொன்னவர் வீட்டில் பேசும் மொழி, அவருடைய தாய்தந்தை பேசிய மொழி ஆகிய மூன்றும் குறிப்பேட்டில் இருந்தாக வேண்டும். இல்லையென்றால் இலோக்கானோச் சொல்லைப் பங்கசினான் என்று பதிந்துவிடுவீர்கள். பிறகு அதைப் பிரித்தெடுக்க வழியே இருக்காது.

ஒத்த சொற்களை எண்ணி உறவைத் தீர்மானிப்பது

எல்லாவற்றையும்விட அதிகச் சேதம் செய்வது இந்தத் தவறுதான். இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் இது ஓயாமல் வந்துகொண்டிருப்பதுதான் எரிச்சல்.

வழக்கமாக நடப்பது இது. ஒருவர் 100 சொற்களை எடுத்துக்கொள்கிறார். பங்கசினான், இலோக்கானோ, தகலோக், தெற்கே பம்பாங்கா மாகாணத்து மொழியான கப்பம்பாங்கன் என்று நான்கு பத்தி போடுகிறார். ஒரே மாதிரி இருப்பவற்றுக்குக் குறியிட்டு எண்ணுகிறார். இலோக்கானோ முதலிடம் பிடிக்கிறது. "பங்கசினானின் நெருங்கிய உறவு இலோக்கானோ" என்று எழுதி முடிக்கிறார். எண்ணிக்கை சரி, முடிவு பிழை.

தண்ணீருக்குப் பங்கசினானில் "தனும்". இலோக்கானோவிலும் கப்பம்பாங்கனிலும் அதே சொல்தான், தகலோக்கில் மட்டும் "துபிக்". இதைப் பார்த்ததும் முதல் மூன்றையும் ஒரு குடும்பமாக்கத் தோன்றும். ஆனால் கடல் தாண்டிப் போர்னியோவில் ஙாஜு மொழியிலும் தண்ணீர் "தனும்" தான். அப்படியானால் இது மலாய‑பொலினீசிய மூதாதை மொழியிலேயே, அதாவது பிலிப்பீன்ஸ், மலாய், ஜாவா மொழிகளுக்கெல்லாம் பொதுவான தாய்மொழியிலேயே, இருந்த பழைய சொல். மூன்று மொழிகள் அதைக் காப்பாற்றி வைத்திருக்கின்றன, தகலோக் கைவிட்டுவிட்டது. பழையதை இருவர் கைவிடாமல் வைத்திருப்பதால் அவர்கள் உடன்பிறந்தவர்கள் ஆகிவிட மாட்டார்கள். "மங்ஙன்" என்றால் சாப்பிடுவது. இதுவும் பங்கசினான், இலோக்கானோ, கப்பம்பாங்கன் மூன்றிலும் உண்டு, ஜாவா மொழியிலும் உண்டு. இப்படிப்பட்ட சொற்களை எத்தனை அடுக்கினாலும் கிளைப்பிரிவுக்குச் சான்றாகாது.

கிளையைக் காட்டுவது, மூதாதை மொழியில் இல்லாமல் ஒரு சில மொழிகளில் மட்டும் சேர்ந்து தோன்றிய புதுமை. அதைத் தேட வேண்டிய இடம் சமவெளியே அல்ல, மலை. பெங்கெத் மலைகளில் பேசப்படும் இபலோய், அதையடுத்த கராவ், கலங்குயா ஆகியவைதாம் பங்கசினானின் நெருங்கிய உறவுகள்.

எப்படித் தெரியும்? "ஒன்று" என்பதற்கு இலோக்கானோவில் "மய்சா", தகலோக்கில் "இசா". பங்கசினானிலும் இபலோயிலும் "சகெய்", கலங்குயாவில் "ஹகெய்". "அவனுடைய / அவளுடைய" என்பதற்கு இலோக்கானோவில் "னா", பங்கசினானிலும் இபலோயிலும் "தோ". "அவன் / அவள்" என்பதற்கு இலோக்கானோவில் "இசூனா", மற்ற இரண்டிலும் "சிகதோ". எண்ணுப்பெயரின் முதற்சொல்லையும் பதிலிப்பெயரையும் சந்தையில் பழகிய பழக்கத்தில் யாரும் எளிதில் கடன் வாங்குவதில்லை. பார்த்ததும் ஒத்துத் தெரியும் இருபது பெயர்ச்சொற்களைவிட இந்த மூன்றுக்குக் கனம் அதிகம்.

இபலோயைப் பார்த்து ஏமாறுவதும் எளிது. பங்கசினான் "தனும்" அங்கே "சனும்" ஆகும், ஐந்தைக் குறிக்கும் "லிமா" அங்கே "திமா", மூன்றைக் குறிக்கும் "தலோ" அங்கே "தெதோ". காதுக்கு இலோக்கானோவின் "லிமா", "தல்லோ" இரண்டும்தான் நெருக்கமாகப் படும். ஆனால் இபலோயின் மாற்றங்கள் ஒழுங்கானவை, பங்கசினான் "ல" நின்ற இடத்தில் "த" வருவதை லிமா, தலோ இரண்டிலும் பாருங்கள். ஒழுங்காக மாறிய ஒலி உறவை மறைப்பதில்லை. கண்ணுக்கு அந்நியமாகத் தெரிவது மட்டுமே வேறுபாடு. வடக்கு லூசோன் மலைத்தொடரான கோர்டில்லெராவின் பெயரால் இக்கிளையைத் தென் கோர்டில்லெராக் குழு என்பார்கள். மொழியியலாளர் ரொனால்ட் ஹைம்ஸ் 1998இல் இதை விரிவாக ஆராய்ந்தார். இலோங்கோத் மொழியும் இக்குழுதான், ஆனால் முதலில் பிரிந்து போனது. இலோக்கானோ வடக்கு லூசோன் என்னும் பெரிய குடும்பத்துக்குள் தனியே நிற்கும் கிளை. தகலோக் அந்தக் குடும்பத்திலேயே இல்லை.

நிலப்படத்தைப் பார்த்திருந்தால் இவ்வளவு தூரம் தடுமாற வேண்டியதில்லை. கோர்டில்லெராவில் பிறக்கும் அக்னோ ஆறு இபலோய் நாட்டின் வழியே இறங்கிப் பங்கசினான் சமவெளியில் பாய்ந்து லிங்காயென் வளைகுடாவில் கலக்கிறது. மலையிலிருந்து பொன்னும் கரையிலிருந்து உப்பும் இடம் மாறிய பழைய வணிகத் தொடர்பும் உண்டு. நடுவே வந்து அமர்ந்த இலோக்கானோ அந்த உறவைக் கண்ணில் படாமல் செய்துவிட்டது. "இலோக்கானோவும் தகலோக்கும் கலந்த மொழி" என்று ஒரு வரி எழுதிவிட்டால், ஒரு மக்களின் வரலாற்றிலிருந்து மலையையே வெட்டியெறிந்ததாகும்.

சரியாகச் செய்ய, பட்டியலிலிருந்து முதலில் ஸ்பானியச் சொற்களையும் அண்மைக் கடன்களையும் நீக்குங்கள். மீதியில் எந்தச் சொல் மலாயிலோ போர்னியோவிலோ தைவானின் மொழிகளிலோ இருக்கிறதோ, அதன் எதிரே "பழமை" என்று எழுதிவிட்டுக் கிளைக் கணக்கிலிருந்து விலக்குங்கள். கையில் நிற்பது சொற்பம்தான். அந்தச் சொற்பத்தில்தான் விடை இருக்கிறது.

"ல" வந்தால் கடந்து போய்விடுவது

மூதாதை மொழியில் இருந்த ஓர் ஒலி, தகலோக்கில் "க" ஆகவும், இலோக்கானோவில் பெரும்பாலும் "ர" ஆகவும், கப்பம்பாங்கனில் "ய" ஆகவும், பங்கசினானில் "ல" ஆகவும் வரும். புதியது: பாகோ, பாரோ, பாயு, பாலோ. நரம்பு: உகத், உரத், உயத், உலத். மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் மலாய் படித்த தமிழர்களுக்கு இது கைவந்த சரக்கு: மலாயில் "பாரு", "உராத்". இரத்தம் மலாயில் "தாரா", பங்கசினானில் "தலா". கேட்பது மலாயில் "தெஙார்", பங்கசினானில் "தெஙெல்". இந்த இடத்தில் "க" வைத்திருக்கும் பங்கசினான் சொல் கிடைத்தால் தகலோக்கிலிருந்து வந்த கடனா என்று முதலில் சந்தேகப்படுங்கள். ஒன்று மட்டும் எச்சரிக்கை: இதே மாற்றம் வேறு மொழிகளிலும் தனித்தனியே நிகழக்கூடியது, இதை மட்டும் வைத்துக் கிளை வரையக்கூடாது.

முகம் ஒன்று, பொருள் வேறு

தகலோக்கில் "வலா" என்றால் இல்லை. பங்கசினானில் "வலா" என்றால் இருக்கிறது. "வலாய் தனும்" என்றால் தண்ணீர் உண்டு; தண்ணீர் இல்லை என்பதற்கு "அங்கபோய் தனும்". இதை மாற்றிப் புரிந்துகொண்டு எழுதிய மொழிபெயர்ப்பு முழுவதும் தலைகீழாகிவிடும். இலோக்கானோவில் "தக்கெல்" பெரியது, பங்கசினானில் "தகெல்" பல. பெரியதற்கு "பலெக்". இலோக்கானோ "பலாய்" வீடு, பங்கசினான் "பலெய்" ஊர். வீட்டுக்கு "அபோங்". தகலோக்கில் "லபி" உதடு, பங்கசினானில் இரவு.

மிகவும் ஆபத்தானது "அக்". இலோக்கானோவில் அது வினை முன்னொட்டு: "அக்லூதோ" என்றால் சமைப்பது. பங்கசினானில் "அக்" எதிர்மறை: "அக்கோ அம்தா" என்றால் எனக்குத் தெரியாது. சமைப்பதற்கு "மன்லூதோ", சமைத்து முடித்ததற்கு "நன்லூதோ".

"எ" எழுத்தை "எ" என்றே படிப்பது

பிற மொழிகள் பல தொலைத்துவிட்ட மூதாதை உயிரொலி பங்கசினானில் உயிரோடிருக்கிறது. ரோமன் எழுத்தில் அதை "எ" குறியால் எழுதுகிறார்கள். ஆனால் "அன்பு", "காற்று" என்னும்போது கடைசியில் உதடு குவியாமல் வரும் குற்றியலுகரத்தைப் போலத்தான் ஒலிக்க வேண்டும். ஆறு என்பதற்கான "அனெம்" சொல்லின் இரண்டாம் அசை அது. தகலோக்கில் அதே சொல் "அனிம்". ஸ்பானியத்திலிருந்து வந்த சொற்களில் மட்டும் சாதாரண "எ" ஒலி.

தமிழ் எழுத்தில் குறிப்பெடுப்பது

வேண்டாம். மேலே தமிழ் எழுத்தில் தந்திருப்பது வாசிப்புக்கு மட்டும். "பாலோ"வின் முதல் ஒலி "பஸ்" என்பதில் வரும் ப, "தனும்" சொல்லில் இருப்பது "தந்தை"யின் முதல் த அன்று, அதில் ந்-ஐ அடுத்து வரும் மென்மையான இரண்டாம் த. இந்த வேறுபாட்டை நம் எழுத்து காட்டாது. குறிப்பேட்டில் ரோமன் எழுத்து, கூடவே அசையழுத்தக் குறி.

நாம், நாங்கள் தெரிந்தால் போதும் என்று நினைப்பது

தமிழர்களுக்கு இங்கே பாதி வேலை மிச்சம். "அபோங் மி" எங்கள் வீடு, "அபோங் தயோ" நம் வீடு. ஆனால் மூன்றாவது ஒன்றும் உண்டு: "அபோங் தா", நீயும் நானும் ஆகிய இருவருக்கு மட்டும் உரியது. மூன்று பேர் இருக்கும் அறையில் இதைச் சொன்னால் மூன்றாமவரை வெளியே தள்ளிவிட்டீர்கள்.

அகராதியில் தேடிக் கிடைக்கவில்லை என்று விட்டுவிடுவது

பெர்னாந்தெஸ் கோஸ்கயாவின் 1865 அகராதி ஸ்பானிய எழுத்துமுறையில் அமைந்தது. க ஒலிக்கு "ஸி", "கியூ" எழுத்துகளையும், வ ஒலிக்கு உயிரெழுத்துகளையும் போட்டிருப்பார்கள். சகெய், தகெல் போன்றவற்றை "கே" எழுத்தில் தேடினால் சிக்காது. ரிச்சர்ட் பென்டனின் 1971 அகராதியில் இப்போதைய எழுத்துமுறையே உண்டு. அதில் முதலில் பார்த்துவிட்டுப் பழையதற்குப் போங்கள். வினைகளை முன்னொட்டு நீக்கித் தேட வேண்டும்: "மன்லூதோ"வுக்கு "லூதோ".