நுவரெலியாப் பாடசாலைக்கு ஒரு சூரியக் கடிகாரம்

மலைநாடு வட அகலாங்கு 7 பாகைக்கு அருகே. இங்கே தரைமட்டக் கடிகாரத்தில் நண்பகலையொட்டிய கோடுகள் நெருங்கி, வாசிக்கவே முடியாது. எனவே துருவத் தட்டுதான், அதாவது பூமியின் அச்சுக்கு இணையாகச் சாய்த்த பலகைதான் நல்லது.

கிழக்கு மேற்காக 40, வடக்கு தெற்காக 30 சென்ரிமீற்றர் சிமெந்துப் பலகை எடுங்கள். மரம் மழையில் நெளியும். நடுவில் வடக்கு தெற்காக, 10 சென்ரிமீற்றர் உயரத் தகடு செங்குத்தாக நிற்கட்டும். அதிலிருந்து இருபுறமும் 2.7, 5.8, 10, 17.3 சென்ரிமீற்றரில் இணைகோடுகள்: மேற்கே 11, 10, 9, 8 மணி, கிழக்கே 1, 2, 3, 4. பலகையின் வடக்கு ஓரத்தை 3.7 சென்ரிமீற்றர் உயர்த்துங்கள்.

திசைதான் பலருக்கும் பிழைக்கும். தகரக் கூரையருகே திசைகாட்டி ஏமாற்றும். சமதரையில் நேர்க்கம்பு நட்டு, அதைச் சுற்றி மூன்று வட்டங்கள் வரையுங்கள். நிழல்நுனி ஒரே வட்டத்தைக் காலையிலும் மாலையிலும் தொடும் புள்ளிகளை இணைத்தால் கிழக்கு மேற்கு. பின்னேரம் மூடுபனி இறங்கிவிடும்; அதனால்தான் மூன்று வட்டம். பெப்ரவரி வெயில் உகந்தது.

நமது நேரம் கிழக்கு நெட்டாங்கு 82.5 பாகைக்குரியது, நுவரெலியா 80.8இல். ஆகவே நிழல் சராசரியாக 7 நிமிடம் பிந்தும். பெப்ரவரி நடுவில் 21 நிமிடம் பிந்தி, நவம்பர் தொடக்கத்தில் 9 நிமிடம் முந்தும். இந்தத் திருத்தத்தைப் பலகையிலேயே எழுதிவையுங்கள்.