தெரியும், தெரியாது: எந்த மரபுத்தொடரை எங்கே போடுவது?

கட்டுரையிலோ கதையிலோ ‘நன்றாகத் தெரியும்’ என்றே திரும்பத் திரும்ப எழுத வேண்டாம். தமிழில் அதற்கு வகைவகையாகத் தொடர்கள் உண்டு. ஆனால் ஒன்றின் இடத்தில் இன்னொன்றைப் போட்டால் பொருந்தாது.

நூலையோ பாடத்தையோ முழுக்கக் கற்றவரை ‘கம்பராமாயணத்தைக் கரைத்துக் குடித்தவர்’ எனலாம். இடம், ஆட்கள், நடைமுறை பழகிப்போயிருந்தால் ‘அத்துப்படி’: ‘மதுரையின் சந்துபொந்தெல்லாம் அவளுக்கு அத்துப்படி.’ செய்து செய்து கைவந்த வேலைக்குத் ‘தண்ணீர் பட்ட பாடு’. ‘உள்ளங்கை நெல்லிக்கனி’ மட்டும் ஆளைப் பற்றியது இல்லை, விஷயத்தின் தெளிவைச் சொல்வது. டிஎன்பிஎஸ்சி பொதுத்தமிழுக்குப் படிப்பவர்கள் இதைக் கட்டாயம் மனதில் வையுங்கள்.

தெரியாததற்கு வருவோம். அடிப்படையே தெரியாதென்றால் ‘சமையலில் ஆனா ஆவன்னா தெரியாது’. மேலோட்டமாகப் படித்தால் ‘நுனிப்புல் மேய்வது’. புது இடத்தில் திக்குத் தெரியாமல் தவித்தால் ‘கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டது போல’. எனக்கு மிகப் பிடித்தது இதுதான். அந்தத் தவிப்பு அப்படியே கண்முன் வந்துவிடும்.

அடிக்கடி தடுமாறும் இடம் ஒன்று: ‘தலைகால் புரியவில்லை’. பாடம் விளங்காததற்கு இதை எழுதாதீர்கள். மகிழ்ச்சியிலோ கர்வத்திலோ நிலைகொள்ளாமல் ஆடுவதற்குத்தான் இது பொருந்தும். பாடம் விளங்காவிட்டால் ‘மண்டையில் ஏறவில்லை’ போதும். அப்புறம், ‘ஞானசூன்யம்’ வசைச்சொல். கதையில் கோபக்காரர் வாயில் வரலாம், விண்ணப்பத்திலோ கடிதத்திலோ வேண்டாம்.