நில வழக்கில் ராஜி: கையெழுத்திடும் முன் கவனிக்க வேண்டியவை

நடந்துகொண்டிருக்கும் நில வழக்கை இரு தரப்பினரும் பேசி முடித்துக்கொள்ள விரும்பினால், அதற்கான வழியை 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 23, விதி 3 தருகிறது. ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் ஒப்புக்கொண்டது மட்டும் போதாது. உடன்பாடு எழுத்தில் இருக்க வேண்டும். தரப்பினர் அதில் கையொப்பமிட வேண்டும். அது சட்டத்துக்கு உட்பட்டதே என்று நீதிமன்றம் மனநிறைவடைந்து, அதைப் பதிவுசெய்து தீர்ப்பாணை (டிக்ரி) வழங்க வேண்டும். மேல்முறையீட்டு நிலையில்கூட இவ்வாறு சமரசம் செய்துகொள்ளலாம்.

முதலில் யார் யார் கையெழுத்திட வேண்டும் என்று பாருங்கள். பாகப்பிரிவினை வழக்குகளில் திருமணமாகிச் சென்ற சகோதரிகளை விட்டுவிட்டு அண்ணன் தம்பிகள் மட்டும் ராஜியாவது இன்றும் நடக்கிறது. அது அநீதி என்பதோடு, வழக்கில் தரப்பினராக இல்லாதவரை அந்தத் தீர்ப்பாணை கட்டுப்படுத்தாது என்பதால், பிரச்சினை வேறு வழக்காகத் திரும்பி வரும். பங்குதாரர்களில் 18 வயது நிரம்பாதவர் இருந்தால், கட்டளை 32, விதி 7இன்படி, அவருக்காக உடன்படும் காப்பாளர் நீதிமன்றத்தின் அனுமதியை முன்னரே பெற்றாக வேண்டும்.

அடுத்தது சமரச மனுவின் வாசகம். என் பார்வையில் உழைப்பின் பெரும்பகுதி இங்கேதான் தேவை. ‘கிழக்குப் பக்கம் உள்ள பாதி நிலம் வாதிக்கு’ என்று எழுதிவிட்டால், அந்தப் பாதி எங்கே முடிகிறது என்பதே அடுத்த தகராறாகிவிடும். சொத்து விவரத்தில் கிராமம், சர்வே எண், உட்பிரிவு, பரப்பு, நான்கெல்லை, ஒவ்வொரு பக்கத்தின் நீளம் ஆகிய அனைத்தும் வர வேண்டும். சர்வேயரைக் கொண்டு அளந்து, கல் நட்டு, வரைபடத்தில் இரு தரப்பினரும் கையொப்பமிட்டு அதை மனுவுடன் இணைப்பது மிக நல்லது. நடைபாதை, வாய்க்கால், பொதுக் கிணற்றில் தண்ணீர் இறைக்கும் முறை, மின் இணைப்பு ஆகியவற்றைத் தனித்தனிப் பத்திகளாக எழுதுங்கள். பணம் கைமாறுவதானால் எவ்வளவு, எந்தத் தேதிக்குள், தவறினால் என்ன விளைவு என்பதும் இருக்கட்டும். வில்லங்கச் சான்றிதழை எடுத்துப் பார்க்காமல் எந்தப் பாகத்தையும் ஏற்காதீர்கள்.

வாய்தா நாளன்று நீதிமன்ற வராந்தாவில் நீட்டப்படும் தாளில் அவசரமாகக் கையெழுத்திட வேண்டாம். வரைவை வீட்டுக்கு எடுத்துச் சென்று, படிக்கத் தெரியாத முதியவர்களுக்கு உரக்கப் படித்துக் காட்டுங்கள். இதை வலியுறுத்தக் காரணம் உண்டு. இரு தரப்பு ஒப்புதலின்பேரில் வழங்கப்பட்ட தீர்ப்பாணையை எதிர்த்து, உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 96(3)இன்படி மேல்முறையீடு கிடையாது. சமரசம் சட்டப்படியானதல்ல என்று தனி வழக்குப் போடவும் கட்டளை 23, விதி 3அ தடை விதிக்கிறது. மோசடியால் பெறப்பட்டது என்றால், அதைப் பதிவுசெய்த நீதிமன்றத்தையே அணுகி மெய்ப்பிக்க வேண்டும்.

வழக்கு மக்கள் நீதிமன்றத்துக்கு அனுப்பப்பட்டு அங்கே முடிந்தாலும், 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி அதன் தீர்வு உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமமானது. செலுத்திய நீதிமன்றக் கட்டணத்தைத் திரும்பப் பெறவும் வழியுண்டு.

வழக்குச் சொத்தோடு வேறொரு நிலத்தையும் சேர்த்துச் சமரசம் செய்தால், பதிவுச் சட்டம் பிரிவு 17இன்படி தீர்ப்பாணையைப் பதிவுசெய்ய வேண்டியிருக்கும்; அதற்கான காலம் 4 மாதம். பாகப்பிரிவினையின் இறுதித் தீர்ப்பாணைக்கு முத்திரைத் தீர்வையும் உண்டு.

எதிர்த்தரப்பு சொன்னபடி நடக்காவிட்டால், தீர்ப்பாணையை நீதிமன்றத்தின் மூலம் செயல்படுத்தக் கோரும் நிறைவேற்று மனு தாக்கல் செய்யலாம். நிலத்தின் உடைமையைப் பெறுவதற்கு 12 ஆண்டுகள் அவகாசம் இருந்தாலும், சுவரை அகற்றுவது போன்ற செயலுறுத்துக் கட்டளையை (ஒன்றைச் செய்யச் சொல்லும் நீதிமன்ற உத்தரவை) நிறைவேற்ற 3 ஆண்டுகளே உள்ளன என்பதைப் பலர் கவனிப்பதில்லை. தீர்ப்பாணையின் சான்றிட்ட நகல் கிடைத்ததும் உட்பிரிவுக்கும் பட்டா மாறுதலுக்கும் வட்டாட்சியர் அலுவலகத்தில் விண்ணப்பித்து, புதிய பட்டாவில் உள்ள பரப்பு சமரச மனுவில் எழுதியதோடு ஒத்துப்போகிறதா என்று சரிபாருங்கள்.