சிம்ஸ் 4: மாட் வைத்து உறவுகளை மாற்றும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

சிம்ஸ் 4 என்ற வாழ்க்கை விளையாட்டில் (அதன் கதாபாத்திரங்கள்தான் 'சிம்கள்') இரண்டு பேரைச் சேர்த்துவைக்க நினைப்பவர்கள் பெரும்பாலும் முதலில் செய்யும் வேலை, மாட் (கேமை மாற்றியமைக்க ரசிகர்கள் எழுதும் துணை நிரல்) வைத்து ரொமான்ஸ் பாரை, அதாவது காதலின் அளவைக் காட்டும் பட்டையை, நூறுக்கு ஏற்றிவிடுவது. பார் முழுக்க பிங்க் ஆகிவிடும். ஆனால் அந்த ஜோடியில் ஆண் ஏற்கெனவே கல்யாணமானவன் என்றால், அவன் இன்னமும் வேறொருத்தியின் கணவன்தான், ராத்திரி பழைய வீட்டுக்குத்தான் போய்த் தூங்குவான், மறுநாள் புது ஜோடியைப் பழைய மனைவி பார்த்துவிட்டால் தெருவே அதிரும். உடனே "மாட் வேலை செய்யவில்லை" என்று ஒரு புலம்பல். மாட் சரியாகத்தான் வேலை செய்திருக்கிறது. என்ன சொன்னீர்களோ அதை மட்டும் செய்திருக்கிறது.

இந்த கேமில் ஓர் உறவு ஒரே இடத்தில் பதிவாவதில்லை. முதலில் எண்கள்: நட்புக்கு ஒரு பார், காதலுக்கு ஒரு பார், இரண்டும் -100 முதல் 100 வரை. அடுத்து அடையாளங்கள், மாட் செய்பவர்கள் இவற்றை 'பிட்' என்பார்கள்: காதலன், நிச்சயமானவர், மனைவி, முன்னாள் கணவர், பரம எதிரி இப்படி. மூன்றாவது ஃபேமிலி ட்ரீ, அதாவது யார் யாருக்குப் பிறந்தவர் என்ற பதிவு. நண்பர், நெருங்கிய நண்பர் மாதிரியான சில அடையாளங்கள் எண் ஏற ஏறத் தானாக ஒட்டிக்கொள்ளும். ஆனால் கல்யாணம், நிச்சயம், பிரிவு எல்லாம் ஒரு சம்பவம் நடந்தால்தான் பதிவாகும். எண்ணை மாற்றிவிட்டு மற்ற இரண்டும் பின்னாலேயே வரும் என்று காத்திருப்பதுதான் பாதிச் சொதப்பல்களுக்குக் காரணம்.

கேமோடு வரும் ஊரான ஓயாசிஸ் ஸ்பிரிங்ஸில் இருக்கும் கலியெந்தே வீட்டையே எடுத்துக்கொள்வோம். கத்ரீனா, அவளுடைய மகள்கள் நீனா, டீனா, கூடவே டான் லொத்தாரியோ, நான்கு பேரும் ஒரே கூரைக்குக் கீழ். டான் கத்ரீனாவின் காதலன், ஆனால் அவனை நம்பி ஒரு வாரம் கேமை ஓட விட முடியாது என்பது விளையாடிய எல்லாருக்கும் தெரியும். அவனுக்கும் நீனாவுக்கும் கல்யாணம் செய்துவைக்க வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். டான்-நீனா பாரை மட்டும் ஏற்றினால் கத்ரீனாவோடு உள்ள காதலன் அடையாளம் அப்படியே நிற்கும், ஒரே ஒரு முத்தத்தை அவள் பார்த்தால் போதும், பொறாமை கிளம்பிவிடும், நீங்கள் ஏற்றிய எண் எல்லாம் சண்டையில் கரையும். மாட் வைத்துக் காதலன் அடையாளத்தை நீக்கினாலும் கதை முடியாது, டானுக்கும் கத்ரீனாவுக்கும் நடுவில் இருக்கும் ரொமான்ஸ் எண் அதே உயரத்தில்தான் இருக்கும், நீங்கள் அந்தப் பக்கம் திரும்பிய நேரம் பார்த்து இருவரும் தாமாகவே கொஞ்ச ஆரம்பித்துவிடுவார்கள்.

அதனால் வரிசை முக்கியம். முதலில் பழைய உறவின் அடையாளம், அப்புறம் பழைய உறவின் எண், அதற்குப் பிறகுதான் புது உறவின் எண், கடைசியில் புது அடையாளம். இன்னொன்றையும் யோசித்துக்கொள்ளுங்கள்: அடையாளத்தை மாட் மூலம் அழித்தால் அங்கே பிரிவு என்ற சம்பவமே நடக்கவில்லை, 'முன்னாள்' என்ற பதிவும் இருக்காது, மனக்கசப்பும் இருக்காது, கத்ரீனா எதுவும் நடக்காதது போல டானுக்கும் சேர்த்துச் சமைத்துக்கொண்டிருப்பாள். சில கதைகளுக்கு அதுதான் வசதி. ஆனால் கதை சுவையாக இருக்க வேண்டும் என்றால் பிரிவை கேமுக்குள்ளேயே நடத்திவிட்டு, மிச்சத்தை மட்டும் மாட்டிடம் கொடுப்பதுதான் நல்லது என்பேன். கையால் செய்ய அரை நிமிடம் ஆகுமா? ஒரு கிளிக், ஒரு அழுகை, அவ்வளவுதான்.

2020 நவம்பரில் வந்த சென்டிமென்ட்ஸ், அதாவது ஒரு சிம் இன்னொருவர் மேல் மனதில் வைத்திருக்கும் உணர்வின் பதிவு, இதில் இன்னும் ஒரு சிக்கலைச் சேர்த்தது. நட்பு, காதல் பார்கள் இரண்டு பேருக்கும் பொது, ஒருவர் பக்கம் மாற்றினால் மற்றவர் பக்கமும் அதேதான். சென்டிமென்ட் அப்படியில்லை. அவளுக்கு அவன் மேல் தீராத கோபம் இருக்கலாம், அவனுக்கு ஒன்றுமே தெரியாமல் இருக்கலாம். பாரை நூறுக்கு ஏற்றிய பிறகும் ஒருத்தி முறைத்துக்கொண்டே இருந்தால், எண்ணைத் திரும்பத் திரும்ப ஏற்றாமல் அவள் பக்கம் என்ன சென்டிமென்ட் ஒட்டியிருக்கிறது என்று ரிலேஷன்ஷிப் பேனலில் பாருங்கள்.

மாட் எதுவும் வேண்டாம், சீட் கோடு (கேமுக்குள்ளேயே தட்டச்சு செய்யும் குறுக்குவழிக் கட்டளை) போதும் என்பவர்களும் ஒரு விஷயத்தில் வரிசையாக வழுக்கி விழுகிறார்கள். உறவை மாற்றும் அந்த கோடு எண்ணை நிர்ணயிப்பதில்லை, கூட்டுகிறது. இருவருக்குள் -80 இருக்கும்போது 50 என்று அடித்தால் 50 வராது, -30தான் வரும். தவிர அது ஆட்களைப் பெயர் வைத்துத்தான் கண்டுபிடிக்கிறது. ஒரே பெயரில் ஊரில் இரண்டு சிம் இருந்தால் எவருக்குப் போய்ச் சேரும் என்று உத்தரவாதம் இல்லை, முதல் பெயருக்குள்ளேயே ஓர் இடைவெளி விட்டிருந்தால் அதற்குப் பின்னால் வருவதைக் குடும்பப் பெயர் என்று எடுத்துக்கொண்டு குழம்பும். எம்.சி. கமாண்ட் சென்டர் என்ற மாட்டில் இந்தத் தலைவலி இல்லை, சிம் மேலேயே கிளிக் செய்து ஆளைத் தேர்ந்தெடுக்கலாம்.

கல்யாணத்தை மாட் மூலம் பதிவு செய்பவர்கள் மறப்பது இரண்டு. வீடு தானாக மாறாது, குடும்பப் பெயரும் தானாக மாறாது, இரண்டையும் தனித்தனியாக நீங்கள்தான் செய்ய வேண்டும். ஏற்கெனவே கல்யாணமான ஆளுக்கு இன்னொரு மனைவி அடையாளத்தை ஒட்டுவது வேறு வகை வம்பு. ஒருவருக்கு ஒரு துணை என்ற கணக்கில் எழுதிய கேம் இது. மேலே இரண்டு மனைவி தெரிந்தாலும் விவாகரத்து, ஃபேமிலி ட்ரீ மாதிரியான இடங்களில் ஏதாவது ஒன்று முரண்டு பிடிக்கும். அதற்கென்றே செய்த மாட் இருந்தால் அதைப் போட்டுக்கொள்ளுங்கள், வெறும் அடையாளத்தைக் கையால் ஒட்டாதீர்கள்.

இதுவரை சொன்னதெல்லாம் சரிசெய்யக்கூடியவை. ஃபேமிலி ட்ரீயில் கை வைப்பதுதான் உண்மையில் பயப்பட வேண்டிய இடம்.

கேமின் இன்னொரு ஊரான வில்லோ கிரீக்கில் மார்ட்டிமர், பெல்லா தம்பதியின் கோத் குடும்பத்துக்கு, கசாண்ட்ரா, அலெக்சாண்டரோடு மூன்றாவதாக ஒரு பிள்ளையைச் சேர்க்க ஆசை என்று வைத்துக்கொள்வோம். நிறையப் பேர் புதுப் பையனைச் செய்து, கசாண்ட்ராவுக்குத் தம்பி என்று மட்டும் காட்டிவிட்டு நகர்ந்துவிடுவார்கள். பிறகு பார்த்தால் மார்ட்டிமருக்கு அவன் யாரோ. செய்ய வேண்டியது நேர்மாறாக: மார்ட்டிமரையும் பெல்லாவையும் அவனுக்கு அப்பா அம்மாவாகப் பதிவு செய்யுங்கள். அக்கா, அண்ணன், அத்தை, சித்தப்பா எல்லாம் அந்தப் பெற்றோர் பதிவிலிருந்துதான் கணக்காகிறது. ஒருவரை மட்டும் போட்டுவிட்டு மற்றவரை மறந்தால் ஒரே வீட்டில் வளரும் பிள்ளைகள் அரைச் சகோதரர்களாகிவிடுவார்கள். பதிவே இல்லாவிட்டால் அதைவிட மோசம். இரண்டு பேருக்கும் நடுவில் காதல் பேச்சு வரலாமா கூடாதா என்பதை கேம் முடிவு செய்வது ரத்த உறவைப் பார்த்துத்தான், நட்பு பாரைப் பார்த்து இல்லை. தங்கை என்று நீங்கள் நினைத்துக்கொண்டிருக்கும் பெண்ணிடம் கொஞ்சும் ஆப்ஷன் மெனுவில் வந்து நின்றால், ட்ரீயில் எங்கோ ஒரு கண்ணி விட்டுப்போயிருக்கிறது என்று அர்த்தம்.

ஆனால் அப்படி ஒன்று நடந்த உடனே உங்கள் எடிட்டிங்கைச் சந்தேகித்து சேவ் ஃபைலைக் கிழித்துத் தைக்க வேண்டாம். 2022 ஜூலையில் ஆசைகளும் பயங்களும் கேமுக்குள் வந்த அந்த அப்டேட்டில், சொந்தக் குடும்பத்து ஆட்களோடு காதல் வேண்டும் என்று சிம்கள் ஆசைப்பட ஆரம்பித்தன. மாட் ஒன்றுகூடப் போடாதவர்களுக்கும் வந்தது. பிழை கேமுடையது, சில நாட்களில் திருத்தமும் வந்தது. அந்த இடைவெளியில் ஃபேமிலி ட்ரீயைக் கையால் 'சரிசெய்ய'ப் போயிருந்தால் நல்ல ட்ரீயைத்தான் கெடுத்திருப்பீர்கள்.

ட்ரீயைக் கெடுக்கும் இன்னொரு வேலையை மாட்டே இல்லாமல் செய்கிறார்கள், அதுவும் பத்திரப்படுத்துவதாக நினைத்துக்கொண்டு. ஒரு குடும்பத்தை லைப்ரரியில் (கேமுக்குள் இருக்கும் சேமிப்பகத்தில்) சேமித்து, வேறு சேவில் இறக்குவது. இறங்குவது பழைய ஆட்கள் இல்லை, அவர்களுடைய நகல்கள். வீட்டுக்குள் இருக்கிறவர்களுக்குள் உள்ள உறவு கூடவே வரும், வெளியே வேறு வீட்டில் இருக்கும் அண்ணன், மாமியார், முன்னாள் காதலி எல்லாம் அறுந்துபோவார்கள். அண்ணனின் வீட்டையும் தனியாகச் சேமித்து இறக்கினாலும் ஒட்டாது. சொந்தங்களை எல்லாம் முதலில் ஒரே வீட்டுக்குக் குடிபெயர்த்து, ஒன்றாகச் சேமித்து, இறக்கிய பிறகு பிரித்து வைக்க வேண்டும். ஒரு வீட்டுக்கு எட்டுப் பேர்தான் என்பதால் பெரிய வம்சத்துக்கு இது முழுதாக உதவாது. அப்படிப்பட்டவர்கள் குடும்பத்தைத் தூக்கிக்கொண்டு அலையாமல் அந்த சேவ் ஃபைலையே நகலெடுத்து வைத்துக்கொள்வது மேல்.

இதே மாதிரி, பிடிக்காத தாத்தாவைக் குடும்பங்களை நிர்வகிக்கும் மேனேஜ் ஹவுஸ்ஹோல்ட்ஸ் திரையில் போய் டிலீட் செய்வதும் தவறு. வீடு வேண்டாம் என்றால் வெளியேற்றுங்கள், ஆளே வேண்டாம் என்றால் கேமுக்குள் சாகவிடுங்கள். டிலீட் செய்தால் ட்ரீயில் ஓட்டை விழும். வீடில்லாமல் சுற்றும் சிம்களை எண்ணிக்கை மிஞ்சினால் கேமே சத்தமில்லாமல் கழித்துவிடும் என்பதும் நினைவிருக்கட்டும். கதைக்கு வேண்டிய ஆளை ஏதாவது ஒரு வீட்டில் குடிவைத்துவிடுங்கள்.

எல்லாவற்றையும் சரியாகச் செய்துவிட்டு, ஒரு வாரம் கழித்துப் பார்த்தால் பக்கத்து வீட்டு ஜோடிக்கு நடுவில் புதுக் குழந்தை, யார் தத்தெடுத்தது என்றே தெரியாது. இது பேய் வேலை இல்லை. 2021 கடைசியில் வந்த நெய்பர்ஹுட் ஸ்டோரீஸ், நீங்கள் விளையாடாத வீடுகளின் வாழ்க்கையைத் தானே நகர்த்துகிறது. எம்.சி. கமாண்ட் சென்டரிலும் கல்யாணம், கர்ப்பம், ஊர் மக்கள்தொகை எல்லாவற்றுக்கும் தனித்தனி மாட்யூல்கள் உண்டு. இரண்டையும் ஒரே நேரத்தில் முடுக்கிவிட்டு, நடுவில் நீங்களும் கையால் உறவுகளை மாற்றிக்கொண்டிருந்தால் எது யார் செய்தது என்று பிரம்மாவுக்கும் தெரியாது. ஒன்றை வைத்துக்கொண்டு மற்றதை அணைத்துவிடுங்கள். நெய்பர்ஹுட் ஸ்டோரீஸை வீடு வீடாகவும் கட்டுப்படுத்தலாம் என்பதால் உங்களுக்கு முக்கியமான குடும்பங்களில் மட்டும் நிறுத்திவைத்தாலும் போதும்.

பழைய பாகங்களிலிருந்து வருபவர்களுக்குக் கைப்பழக்கம் ஏமாற்றும். சிம்ஸ் 3ல் டெஸ்டிங் சீட் போட்டால் உறவு பாரை மவுஸால் இழுத்தே மாற்றலாம், 4ல் அதற்கு யூ.ஐ. சீட்ஸ் மாதிரி ஒரு மாட் வேண்டும். சிம்ஸ் 2 இன்னும் கறார். அங்கே சிம்.பி.ஈ. என்ற கருவியில் திறந்து பார்த்தால் அவனிடமிருந்து அவளுக்கு ஒரு பதிவு, அவளிடமிருந்து அவனுக்கு வேறொரு பதிவு, அதிலும் அன்றாட எண் தனி, நீண்டகால எண் தனி. ஒரு பக்கம் மட்டும் மாற்றிவிட்டு எழுந்துபோனால் ஒருதலைக் காதல்தான் மிச்சம்.

ஃபைல் விஷயங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஒவ்வொரு அப்டேட்டுக்குப் பிறகும் கேம் மாட்களைத் தானாகவே அணைத்துவிடும், செட்டிங்ஸில் போய் மறுபடி இயக்க வேண்டும், ஆனால் அதற்கு முன்னால் மாட்டின் புதுப் பதிப்பு வந்துவிட்டதா என்று பாருங்கள், குறிப்பாகத் திரையின் பட்டன்களைத் தொடும் மாட்கள்தான் முதலில் உடையும். ஸ்கிரிப்ட் ஃபைல்களை மாட்ஸ் ஃபோல்டருக்குள் ஒரு ஃபோல்டர் ஆழத்துக்கு மேல் புதைத்தால் கேம் படிக்காது. எம்.சி. கமாண்ட் சென்டரின் ஃபைல்கள் எல்லாம் ஒரே ஃபோல்டரில் இருக்க வேண்டும். உடைந்த மாட்டோடு சேவைத் திறந்து, உறவுகள் காணோம் என்று பதறி, அப்படியே சேவ் செய்துவிடுவது எல்லாவற்றிலும் மோசம்.

அந்தப் பதற்றம் வந்தால் சேவ் பட்டன் பக்கமே போகாமல் வெளியே வாருங்கள். லோட் கேம் திரையில் ரிகவர் சேவ் என்று ஒரு வசதி இருக்கிறது, ஒவ்வொரு சேவுக்கும் முந்தைய ஐந்து பதிப்புகள் வரை அங்கே கிடைக்கும். ஆனால் ஒவ்வொரு முறை அதே சேவில் சேமிக்கும்போதும் ஆகப் பழையது வெளியே தள்ளப்படும், ஆக ஒரு தவறைத் திருத்த முயன்று ஐந்தாறு முறை சேமித்தவருக்கு அந்தப் பட்டியல் முழுக்க அதே தவறுதான் இருக்கும். ட்ரீயில் கை வைக்கும் முன் சேவ் ஆஸ் கொடுத்து, 'கல்யாணத்துக்கு முன்' என்று வேறு பெயரில் ஒன்றைத் தனியாக வைத்துவிடுங்கள், அதைக் கேமும் தொடாது, நீங்களும் தொடாதீர்கள்.